எங்கே அடித்தால் விழும்

மூன்று மாடி ஏறி மூச்சிரைக்க வந்து நின்றவரின் கையில் ஒரு சால்வை இருந்தது. அதைப் பார்த்ததுமே எனக்குச் சந்தேகம் வந்துவிட்டது. திருப்பதியில் இத்தனை காலம் ஆர்க்கிடெக்டாகத் தொழில் செய்தும் ஒருவரும் எனக்குச் சால்வை போர்த்தியதில்லை. வீடு தேடி வந்து போர்த்துகிறார்கள் என்றால் எதையோ வாங்கிக்கொண்டு போகத்தான் வந்திருக்கிறார்கள்.

வந்தவர் பங்காருபாளையத்துப் பக்கம் ஒரு மாங்காய் யார்டின் கமிட்டி சேர்மன். யார்டு என்றால், சுற்றுவட்டாரத் தோட்டங்களிலிருந்து காய் வந்து இறங்கி, விலை பேசி, மாங்கூழ் ஃபாக்டரிகளுக்குப் போகிற சந்தை. எந்த யார்டு என்று எழுதப்போவதில்லை. பத்திரிகை ஆசிரியர் பெயர்கள் வேண்டாம் என்று கேட்டுக்கொண்டிருக்கிறார். எனக்கும் இந்த வயதில் கோர்ட் வாசல் வேண்டாம். சேர்மனுக்குப் பின்னால் ஹரிபாபு என்று ஓர் இளம் இன்ஜினியர். அவருக்கும் பின்னால், ஒரு கூடை பங்கனபள்ளிப் பழத்தைச் சுமந்துகொண்டு டிரைவர். எங்கள் அபார்ட்மென்ட் லிஃப்ட் அன்றைக்கும் வேலை செய்யவில்லை.

சால்வையைப் போர்த்தினார். என் மனைவி சரோஜா காபி கொண்டுவந்து வைத்துவிட்டு, என்னை ஒரு பார்வை பார்த்துவிட்டு உள்ளே போனாள். சேர்மன் தமிழில் ஆரம்பித்துத் தெலுங்கில் முடிப்பவர். எங்கள் பக்கத்தில் எல்லோரும் அப்படித்தான். நானும் அப்படித்தான், இந்தத் தொடரில் மட்டும்தான் ஒழுங்காக இருக்கிறேன்.

"யார்டுல நீங்க கட்டுன ஹால் கீது இல்ல சார், அத்த எடுத்துட்டுப் புதுசு கட்டறோம். உங்க கையெழுத்து ஒண்ணு வேணும்" என்றார்.

இடிப்பதற்கு என் கையெழுத்து எதற்கு என்று கேட்டேன். சேர்மன் ஹரிபாபுவைப் பார்த்தார். ஹரிபாபு காபி டம்ளரைப் பார்த்தார். விஷயம் இதுதான். கட்டடம் பலவீனமாகிவிட்டது என்று சான்று இருந்தால்தான் இடிக்க அனுமதி கிடைக்கும். அதற்காக ஒரு காலேஜிலிருந்து புரொபசர் ஒருவரை வரவழைத்துச் சோதித்திருக்கிறார்கள். அந்த மனுஷன் தூண், கூரை எல்லாவற்றையும் தட்டிப் பார்த்துவிட்டு, இப்போது கட்டுகிற கட்டடங்களைவிட இது நன்றாக இருக்கிறது என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார்.

அதை இன்னொரு முறை சொல்லச் சொன்னேன். ஹரிபாபு சொன்னார். எனக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. காபியை மெதுவாகக் குடித்தேன்.

ஆகவே கட்டியவனே வந்து, இதன் ஆயுள் முடிந்துவிட்டது என்று எழுதிக் கொடுத்துவிட்டால் எந்தப் புரொபசரும் வாய் திறக்க முடியாது. இதுதான் சால்வையின் கதை.

பதில் சொல்வதற்கு முன்னால், அந்த ஹாலைப் பற்றியும் அதைக் கட்டியவனைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன்.

பூச்சு எப்போது?

போன வாரம் நான் எழுதிய அகமதாபாத் ஆபீஸ் நாட்களைப் படித்துவிட்டு ஒரு வாசகர், அத்தனை பெரிய இடத்தை விட்டுவிட்டு ஏன் திரும்பி வந்தீர்கள் என்று கேட்டிருக்கிறார். திமிர், வேறு என்ன? அங்கே பணக்காரர்களுக்கும் மில் முதலாளிகளுக்கும் நல்ல கட்டடம் கட்டிக்கொண்டிருந்தோம். நான் பிறந்தது புத்தூருக்கும் நகரிக்கும் நடுவே, கரும்பும் மாந்தோப்புமாக இருக்கிற ஊர். எங்கள் ஜனங்களுக்கு ஒரு நல்ல பள்ளிக்கூடம், ஒரு நல்ல ஆஸ்பத்திரி, ஒரு நல்ல சந்தை வேண்டாமா என்று நினைத்தேன். ஆழம் தெரியாமல் காலை விட்டேன்.

நான் கற்றுக்கொண்டு வந்தது ஒன்றுதான். செங்கல் செங்கல்லாகவே தெரியட்டும், கான்கிரீட் கான்கிரீட்டாகவே தெரியட்டும். மேலே ஒட்டுவேலை கூடாது. வெயில் ஊருக்கு நிழலும் காற்றும்தான் அலங்காரம். இதைத் திருப்பதியில் போய்ச் சொன்னேன், பாருங்கள்.

முதல் வாடிக்கையாளர் லாட்ஜ் கட்ட வந்தவர். படத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, கருடன் எங்கே என்று கேட்டார். எந்தக் கருடன் என்றேன். மொட்டைமாடியில் சிறகு விரித்துக்கொண்டு நிற்கிற கருடன். அது இல்லாவிட்டால் யாத்திரிகர்கள் பக்கத்து லாட்ஜுக்குப் போய்விடுவார்களாம். பக்கத்து லாட்ஜில் கருடன் இருந்தது, உண்மைதான்.

சித்தூரில் ஒரு டாக்டர் தைரியமாக என்னிடம் வீடு கொடுத்தார். செங்கல் சுவரைப் பூசாமல், அழகாக, ஒவ்வொரு வரிசையும் நானே நின்று பார்த்துக் கட்டினேன். கிரகப்பிரவேசத்துக்கு வந்த சொந்தக்காரர்கள் எல்லோரும் சாப்பிட்டுவிட்டுக் கை துடைத்துக்கொண்டே ஒரே கேள்வியைத்தான் கேட்டார்கள். "பூச்சு எப்போ?" டாக்டருக்குக் காசு தீர்ந்துவிட்டது என்று சித்தூர் முழுக்கப் பேச்சு. ஆஸ்பத்திரிக்கு வருகிற நோயாளிகள்கூட அவரைப் பரிதாபமாகப் பார்த்தார்களாம். அடுத்த பொங்கலுக்குள் சுவரைப் பூசி, கிளிப்பச்சை அடித்து, கேட்டின் மேல் இரண்டு சிமென்ட் யானைகளை வைத்துவிட்டார். இன்றும் சித்தூர் போனால் அந்தத் தெரு வழியாக நான் போவதில்லை.

இப்படியே ஓடியது என் தொழில். திருப்பதியில் ஆர்க்கிடெக்டுக்கு வாஸ்து பார்ப்பவரைத் தாண்டித்தான் நாற்காலி. அவர் சொன்ன இடத்தில் கிணறு, அவர் சொன்ன இடத்தில் சமையல்கட்டு. மிஞ்சின இடத்தில் நான் ஜன்னல் வைக்கலாம்.

சில வருடங்களுக்கு முன் ஒரு பெண் வந்தாள். பெங்களூரில் படிக்கிறாளாம். பெயர் தெரியாத நவீன ஆர்க்கிடெக்டுகள் என்று ஓர் ஆராய்ச்சி செய்கிறாளாம். அதை என்னிடமே சொன்னாள். இரண்டு நாள் உட்கார்ந்து கேட்டுவிட்டு, போட்டோ எடுத்துக்கொண்டு போனாள். பிறகு மெயில் வந்தது. போதுமான தகவல் கிடைக்காததால் என் பகுதியைச் சேர்க்க முடியவில்லை, மன்னிக்கவும் என்று. பெயர் தெரியாதவர்கள் பட்டியலில்கூடச் சேர முடியாத அளவுக்கு நான் பெயர் தெரியாதவன். சரோஜா அதைச் சொல்லிச் சொல்லி ஒரு வாரம் சிரித்தாள்.

விசிறி மடிப்புக் கூரை

அந்த ஹால் மட்டும்தான் நான் நினைத்தபடி கட்டியது.

எண்பதுகளின் தொடக்கம் என்று வைத்துக்கொள்ளுங்கள். மார்க்கெட் வேலைகளைப் பார்த்துக்கொண்டிருந்த ஓர் இளம் அதிகாரிக்கு ஓர் ஆசை. மாங்காய்ச் சந்தையில் அப்போது விலை பேசுவது துண்டுக்குள்ளே. மண்டிக்காரரும் தோட்டக்காரரும் எதிரெதிரே நின்று கை கொடுப்பார்கள். கைகளின் மேல் ஒரு துண்டு விழும். துண்டுக்கு அடியில் விரலைப் பிடித்தால் ஒரு விலை, விரலின் கணுவைத் தொட்டால் ஒரு விலை. வாயில் வேறு எதையோ பேசிக்கொண்டிருப்பார்கள், மழை எப்போது, பெண்ணுக்கு வரன் அமைந்ததா என்று. துண்டை உதறும்போது வியாபாரம் முடிந்திருக்கும். பக்கத்தில் நிற்பவனுக்கு என்ன விலை என்று தெரியாது. ஒரே யார்டில், ஒரே காலையில், ஒரே காய்க்குப் பத்து விதமான விலை.

அந்த அதிகாரி, துண்டை ஒழிக்க வேண்டும் என்றார். எல்லோரும் பார்க்க, எல்லோரும் கேட்க ஏலம் நடக்க வேண்டும். அதற்கு ஒரு ஹால் வேண்டும். அவர் சொல்லி முடிப்பதற்குள் என் மனசுக்குள் கட்டடம் வந்துவிட்டது.

நடுவில் தூணே கிடையாது. தூண் இருந்தால் அதன் பின்னால் இருவர் ஒதுங்கித் துண்டு போடுவார்கள். மூன்று பக்கமும் உட்காரப் படிகள். நடுவே காயைக் கொட்டிக் காட்டத் தரை. எந்தப் படியில் உட்கார்ந்தாலும் காயும் தெரியும், கேட்கிறவன் முகமும் தெரியும். மேலே கூரைக்கும் சுவருக்கும் நடுவில் நீளமாக இடைவெளி விட்டேன். வெளிச்சம் வரும், வெயில் வராது. சூடான காற்று அதன் வழியாக வெளியே போய்விடும்.

தூண் இல்லாமல் அவ்வளவு அகலத்துக்கு எப்படிக் கூரை நிற்கும்? ஒரு காகிதத்தை இரு முனையிலும் தாங்கிப் பிடித்தால் நடுவில் தொய்ந்துவிடும். அதே காகிதத்தை விசிறி போல மடித்துப் பிடியுங்கள், மேலே ஒரு பேனாவைக்கூட வைக்கலாம். அப்படி மடித்த கான்கிரீட் கூரை அது. மெல்லிசான கூரை. கான்கிரீட் போட்டு முடித்து, முட்டுக் கட்டைகளை எடுத்த அன்றைக்கு மேஸ்திரிகள் யாரும் அடியில் நிற்க மாட்டோம் என்றுவிட்டார்கள். நான் மட்டும் போய் நடுவில் ஒரு ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்து பேப்பர் படித்தேன்.

திறப்பு விழா நடந்தது. கல்வெட்டில் மந்திரி, எம்எல்ஏ, அதிகாரிகள், கமிட்டிக்காரர்கள், கான்ட்ராக்டர் என்று பெயர்கள் வரிசையாக இருந்தன. மைக் செட் வைத்தவர் பெயரும் என் பெயரும்தான் இல்லை. அதை அன்று நான் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

நைனாவின் கை

முதல் சீசன், முதல் ஏலம். வெள்ளைச் சட்டையை இஸ்திரி போட்டு மாட்டிக்கொண்டு விடிவதற்குள் போய், மேல் படியில் உட்கார்ந்துவிட்டேன். லாரிகள் வந்தன, டிராக்டர்கள் வந்தன, யார்டு முழுக்க பெங்களூரா ரக மாங்காயின் பால் வாசனை. மைக்கில் ஒருவர் தெலுங்கிலும் தமிழிலும் மாறி மாறிக் கூப்பிட்டுக்கொண்டிருந்தார். அனைவரும் ஹாலுக்குள் வரவும், ஏலம் ஹாலுக்குள்தான் நடக்கும்.

ஒருவரும் வரவில்லை. ஒரு நாய் வந்து குளிர்ச்சியான தரையில் படுத்தது. மைக்கில் கூப்பிட்டவர் தொண்டை கட்டிப்போய் டீ குடிக்கப் போனார்.

வெளியே வந்து பார்த்தேன். லாரிக்கும் லாரிக்கும் நடுவே இருந்த சந்துகளில், புளிய மரத்தடியில், சக்கரங்களின் நிழலில் என்று எங்கே பார்த்தாலும் ஜோடி ஜோடியாக ஆட்கள். எல்லார் கையிலும் துண்டு. ஒரு டிராக்டருக்குப் பின்னால் நைனா நின்றிருந்தார். நைனா என்றால் என் அப்பா, எங்கள் பக்கம் அப்படித்தான் கூப்பிடுவோம். தோட்டத்துக் காயை ஏற்றிக்கொண்டு புத்தூர்ப் பக்கத்திலிருந்து வந்திருந்தார். அவர் கை, மண்டிக்காரரின் துண்டுக்குள் இருந்தது. முகம் மட்டும் சாதாரணமாக, வேறு எதையோ பேசிக்கொண்டிருந்தது.

என்னைப் பார்த்தார். கையை எடுக்கவில்லை.

துண்டை உதறிவிட்டு மண்டிக்காரர் போகும்வரை காத்திருந்தேன். பிறகு கேட்டேன். பெற்ற பிள்ளை கட்டின ஹால், நீங்களாவது உள்ளே வந்திருக்கக் கூடாதா என்று கேட்டேன். நைனா அதட்டிப் பேசுகிறவர் அல்ல. துண்டால் கழுத்தைத் துடைத்துக்கொண்டே சொன்னார்.

"உள்ள வந்தா அத்தினி பேர் கண்ணும் எம்மேல கீதுடா. நான் இன்னா வெலைக்குக் குடுத்தேன்னு ஊர் பூரா பேசும். கொறைஞ்சு போனா மானம் போவும், கூட வந்தா கடங்காரன் வாசல்ல வந்து நிப்பான்."

மறைத்துப் பேசுவதால்தானே மண்டிக்காரன் ஏமாற்றுகிறான் என்றேன்.

"ஏமாத்தறான்னு எனக்கும் தெரியும். மரம் பூ வைக்கறதுக்கு முன்னால அவங்கிட்டதான போய் அட்வான்ஸ் கேக்கணும்? உங்கட்டடமா குடுக்கப் போவுது?"

அதற்கு நான் என்ன சொன்னேன் என்று நினைவில்லை. ஏதோ கத்தியிருப்பேன். நைனா டிராக்டரில் ஏறி உட்கார்ந்துகொண்டார். போகும்போது, சாப்பிட்டாயா என்று மட்டும் கேட்டார்.

சிலர் இந்தக் கதையைக் கேட்டுவிட்டு, அப்போதுதான் உங்களுக்கு வாழ்க்கை புரிந்ததா என்பார்கள். ஒன்றும் புரியவில்லை, இன்றைக்கும் அவர் சொன்னதை நான் ஒப்புக்கொள்ளவில்லை. அன்று நைனாவைப் போல நாற்பது பேர் உள்ளே வந்து படியில் உட்கார்ந்திருந்தால் அட்வான்ஸ் கொடுக்கிற மண்டிக்காரனும் வழிக்கு வந்திருப்பான். ஒருவர்கூட வரவில்லை. என் அப்பாவே வரவில்லை. நைனா போய்ப் பல காலம் ஆகிவிட்டது, அந்தக் கோபம் மட்டும் போகவில்லை.

அதற்குப் பிறகு ஹாலின் கதை கழுதை தேய்ந்து கட்டெறும்பு ஆன கதை. அந்த அதிகாரி மாற்றலாகிப் போனார். ஹாலில் காலிக் கூடைகளை அடுக்கினார்கள். பிறகு உர மூட்டை. கொஞ்ச காலம் காட்டில் பிடிபட்ட செம்மரக் கட்டைகள் கிடந்தன. முகூர்த்த நாளில் பந்தி நடந்தது. நான் ஒவ்வொரு சீசனுக்கும் ஒரு முறை பஸ் ஏறிப் போய்ப் பார்த்துவிட்டு வருவேன். எங்காவது விரிசல் இருக்கிறதா, ஒழுகுகிறதா என்று பார்ப்பேன். இல்லை. "சின்ன வீட்டுக்குப் போய்ட்டு வந்தாச்சா?" என்பாள் சரோஜா.

சால்வை திரும்பிப் போனது

இப்போது சேர்மனிடம் வருவோம். நான் யோசிப்பதைப் பார்த்து, கைவசம் வைத்திருந்ததை எடுத்துப் போட்டார். புது ஹாலின் கல்வெட்டில் என் பெயரைப் போடுவார்களாம்.

எத்தனையாவது வரிசை என்று கேட்டேன்.

"மூணாவது சார். கான்ட்ராக்டருக்கு மேல."

எனக்கு ஆசை வந்தது. இந்த வயதில் பொய் எதற்கு? கல்லில் என் பெயர். கண்ணை மூடினால் எழுத்துகள்கூடத் தெரிந்தன. இத்தனை வருடத்தில் ஒரு கட்டடத்திலும் இல்லாத பெயர்.

புது ஹாலில் என்ன செய்யப் போகிறீர்கள் என்று கேட்டேன். ஹரிபாபு உற்சாகமாகச் சொன்னார். பெரிய திரை வைத்து, எல்லோரும் உட்கார்ந்து பார்க்கிற மாதிரி, கம்ப்யூட்டரில் திறந்த ஏலம். நடுவில் தூண் வராது சார் என்றார். ஏசி போடுவதற்காக நாலு பக்கமும் கண்ணாடி.

நான் சால்வையைக் கழற்றி மடித்தேன்.

"நல்லா கீற புள்ளைய செத்துட்டான்னு எழுதிக் குடுக்கச் சொல்றீங்க. என்னால ஆவாது."

சேர்மன் கோபப்படவில்லை. சால்வையை வாங்கி டிரைவரிடம் கொடுத்தார், வேறு யாருக்காவது ஆகும். பழக்கூடையை மட்டும் விட்டுவிட்டுப் போனார். நான் அதைத் தொட மாட்டேன் என்றேன். கோபத்தைப் பழத்தின் மேல் காட்டுவானேன் என்று சரோஜா நறுக்கிக்கொண்டு வந்து வைத்தாள். நல்ல பழம். சாப்பிட்டேன்.

சில வாரம் கழித்துத் தெலுங்குப் பேப்பரின் மாவட்டப் பக்கத்தில் போட்டோ வந்தது. என் ஹால். அடியில், இடிந்து விழும் நிலையில் பழைய கட்டடம், விவசாயிகள் பீதி என்று போட்டிருந்தது. என் கையெழுத்து இல்லாமல் போனால் என்ன, வேறு கையெழுத்து கிடைக்காமலா போகும்? அந்தப் பேப்பரை நான் இரண்டு முறை படித்தேன். கட்டடம் போவதைவிட, அது பலவீனமானது என்று அச்சில் வந்ததுதான் எனக்குப் பொறுக்கவில்லை.

நிழலில் நாலு பேர்

ஒரு நாள் காலை, தெரியாத நம்பரிலிருந்து போன். முனிரத்தினம் என்றான். இடிக்கிற கான்ட்ராக்ட் எடுத்தவனின் சூப்பர்வைசர். சத்தியவேட்டுக்காரன், பேச்சிலேயே தெரிந்தது.

"சார், அந்த மாங்கா ஹால் கட்டுனது நீங்கதான? வாட்ச்மேன் நம்பர் குடுத்தாரு. ஒரு வாரமா அடிச்சுகினு கீறோம் சார். உழமாட்டேன்னுது."

எனக்கு ஏற்பட்ட சந்தோஷத்தைச் சொல்ல முடியாது. எங்கே அடித்தீர்கள் என்று கேட்டேன். கூரையின் மேல் மடிப்புகளைக் கொத்தியிருக்கிறார்கள், முடியவில்லை. வடக்குப் பக்கத் தூண்கள் சிலவற்றை மெஷினால் அடித்து நொறுக்கியிருக்கிறார்கள். கூரை ஒரு மூலையில் சற்று இறங்கி, அப்படியே நின்றுவிட்டது. அன்று மத்தியானம் ஆட்களை உள்ளே அனுப்பி, கேஸ் கட்டர் வைத்துக் கம்பியை அறுக்கச் சொல்லியிருக்கிறாராம் முதலாளி.

சந்தோஷம் போய்விட்டது. யாரையும் உள்ளே விடாதே, நான் வருகிறேன் என்றேன்.

சரோஜா வாசலில் நின்றுகொண்டாள். போகாதீர்கள் என்றாள். நீங்கள் போய்க் காட்டினால் நீங்களே கொள்ளி வைத்த மாதிரி என்றாள். கையெழுத்து போட மாட்டேன் என்று அவ்வளவு பேசிவிட்டு இப்போது ஏன் போக வேண்டும் என்று அவள் கேட்டது நியாயம்தான். ஆள் செத்தால், அந்தக் கட்டடம் ஆளைக் கொன்றது என்றுதான் பேப்பரில் போடுவார்கள் என்றேன். அவள் வழிவிட்டாள்.

சித்தூர் பஸ்ஸில் போகும்போது எனக்கு இரண்டு நினைப்பு. ஒரு வாரம் அடித்தும் நிற்கிறதே என்று பக்கத்துச் சீட்டுக்காரரிடம் சொல்லிவிடலாமா என்று ஒரு பக்கம். இந்த நிமிஷம் யாராவது உள்ளே இருக்கிறானா என்று இன்னொரு பக்கம். சித்தூர் பஸ் ஸ்டாண்டிலிருந்து முனிரத்தினம் என்னைத் தன் பைக்கில் பின்னால் உட்காரவைத்துக்கொண்டு போனான்.

ஹால் வடக்கே சாய்ந்து, ஒரு தோள் இறங்கிய மனுஷன் போல நின்றுகொண்டிருந்தது. அந்தக் கூரைக்கு அடியில், நான் கட்டிய படியில், நாலு பேர் வரிசையாக உட்கார்ந்து சோறு சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள்.

வெளியே வாருங்கள் என்று கத்தினேன். அவர்கள் என்னை அதிசயமாகப் பார்த்தார்கள். வயசானவர் ஒருவர் சோற்றைப் பிசைந்துகொண்டே சொன்னார்.

"இங்கதான் சார் நெழலு கீது, காத்து வருது. ஒரு வாரமா அடிச்சே உழாதது, துன்னு முடிக்கறதுக்குள்ளயா உழப் போவுது?"

இத்தனை வருடத்தில் அந்த ஹாலைப் பற்றி என் காதில் விழுந்த ஒரே நல்ல வார்த்தை அதுதான். நிழல் இருக்கிறது, காற்று வருகிறது. நான் அந்தப் படியிலேயே உட்கார்ந்து அழுதிருப்பேன், நேரமில்லை. முனிரத்தினம் கையைப் பிடித்து இழுக்காத குறையாக அவர்களை வெளியே கொண்டுவந்தான். தூக்குச்சட்டிகளோடு வெயிலில் நின்று, என்னைத் திட்டிக்கொண்டே சாப்பிட்டார்கள்.

முனிரத்தினத்துக்குப் புரிய வேண்டும். சாப்பாடு கட்டியிருந்த பேப்பரை வாங்கி விசிறி மாதிரி மடித்தேன். இரண்டு முனையையும் அவனைப் பிடித்துக்கொள்ளச் சொல்லி, நடுவில் பைக் சாவியை வைத்தேன். நின்றது. இதன் முதுகில் எத்தனை அடித்தாலும் தாங்கும் என்றேன். முனையில் மடிப்பை இறுக்கிப் பிடித்திருக்கிற பிடியை மட்டும் விடு என்றேன். விட்டான். மடிப்பு விரிந்து, பேப்பர் சப்பையாகி, சாவி கீழே விழுந்தது.

அவன் கட்டடத்தைப் பார்த்தான். கூரையின் இரண்டு முனையிலும் மடிப்புகளை விரிய விடாமல் பிடித்துக்கொண்டு ஓடுகிற கனமான உத்தரம் தெரிந்தது. அதுவரை ஒருவரும் அதைத் தொடவில்லை. அலங்காரம் என்று நினைத்துவிட்டார்களாம். ஆயுசு முழுக்க அலங்காரமே வேண்டாம் என்றவன் நான்.

எல்லோரையும் புளிய மரத்துக்கு அப்பால் போகச் சொன்னேன். நீளக் கை வைத்த மெஷின் ஒன்று நின்றிருந்தது. அதைக் கட்டடத்துக்குள் நுழைக்காமல், கிழக்குப் பக்கம் வெளியே, விழுந்தாலும் எட்டாத தூரத்தில் நிறுத்தச் சொன்னேன். ஆபரேட்டர் தெலுங்குப் பையன், முப்பது வயதிருக்கும். கண்ணாடியைத் திறந்து தலையை வெளியே நீட்டி என்னைக் கேட்டான்.

"எக்கட கொட்டாலி, சார்?"

எங்கே அடிக்க வேண்டும்?

கை தானாக எழுந்தது. உத்தரத்தின் நடுப்பகுதியை, இரண்டு மடிப்பு சேருகிற பள்ளத்துக்கு நேர் கீழே காட்டினேன். அந்த இடத்தில் எத்தனை கம்பி, எப்படி வளைத்துப் போட்டிருக்கிறது என்று எனக்குத் தெரியும். கம்பி கட்டும்போது இரண்டு முறை அவிழ்க்கச் சொல்லிக் கட்டவைத்த இடம் அது. அவன் கொஞ்சம் இடது பக்கம் அடிக்கப் போனான். வலது பக்கம் என்று கையைக் காட்டினேன். அவன் வலது பக்கம் திருப்பினான். இன்னும் கொஞ்சம் கீழே என்றேன். இறக்கினான்.

கொஞ்ச நேரம்தான் அடித்தான். உத்தரம் விட்டுக்கொடுத்ததும், மடிப்புகள் ஒவ்வொன்றாக விரிந்தன. பெரிய சத்தம் வரும் என்று எதிர்பார்த்தேன். அப்படி வரவில்லை. கூரை தட்டையாகி, படிகளின் மேல் உட்கார்ந்தது. பிறகு புழுதி எங்கள் முகம்வரை வந்தது. யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை.

வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்தவர்கள் கைதட்டினார்கள். ஏலம் நடக்க வேண்டிய நாளில்கூட அவ்வளவு பேரை நான் அந்த இடத்தில் பார்த்ததில்லை. ஒருவர், இன்னா சார் கரெக்டா காட்டுனீங்க என்று கைகுலுக்கினார். வாழ்க்கையில் முதல்முறையாக, நான் சொன்னதைச் சொன்னபடியே, ஓர் அங்குலம்கூட மாற்றாமல் செய்திருந்தார்கள். எனக்கு அவர்கள் எல்லோரையும் பிடித்து உலுக்க வேண்டும் போல இருந்தது. தொண்டையில் புழுதி, தண்ணீர் கேட்டேன்.

முனிரத்தினம் தண்ணீர் பாட்டிலைத் திறந்து கொடுத்தான். என்னைத் திரும்பச் சித்தூருக்குக் கொண்டுவந்து விடும்போது, பஸ் ஸ்டாண்டு வாசலில் வண்டியை நிறுத்திவிட்டுத் தயங்கித் தயங்கிப் பேசினான்.

"நம்ப கைக்கு இந்த மாதிரி பழைய கட்டடம் நெறைய வருது சார். எங்க அடிக்கறதுன்னு தெரியாமதான் ஆளுங்க அடிபடறாங்க. நீங்க வந்து எடத்த மட்டும் காட்டுனா போதும். அடுத்த வாட்டி பைக்குல வர வேணாம், கார் அனுப்பறேன்."

கூப்பிடு என்றேன்.

கூப்பிடுகிறான். சித்தூரில் ஒரு சினிமா கொட்டகை. நகரிப் பக்கம் ஒரு பள்ளிக்கூடம், அழகான மாடிப்படி. எல்லாம் என் மாதிரி எவனோ ஒருவன் கட்டியவை. யார் கட்டியது என்று ஒவ்வொரு இடத்திலும் கேட்கிறேன், ஒருவருக்கும் தெரியவில்லை. சுற்றிவந்து பார்க்கிறேன். அந்த மனுஷன் பாரத்தை எந்த இடத்தில் வைத்தான் என்று கண்டுபிடிக்கக் கொஞ்ச நேரம் ஆகும். பிறகு கையைக் காட்டுகிறேன்.

நாளைக்கும் கார் வருகிறது. கட்டிய காலத்தில் என்னை இப்படி யாரும் கார் அனுப்பிக் கூப்பிட்டதில்லை.